தாத்தாவுக்குப் போட்ட தண்ணீர் ஊசி

எங்கள் அம்மா வழிக் குடும்பத்தில் ஒரு திருட்டுக் கதை உண்டு. நடந்தது 1950ஆம் ஆண்டு, மாயவரத்தில். அம்மாவுக்கு அப்போது ஆறு வயது. தொடக்கப் பள்ளி ஆசிரியராக இருந்த தாத்தா சயரோகத்தில், அதாவது காசநோயில், படுத்துவிட்டார். புதிதாக ஓர் ஊசி வந்திருக்கிறது, அதைப் போட்டால் பிழைத்துக்கொள்வார் என்று டாக்டர் சொன்னார். பாட்டி தன் இரட்டைவடச் சங்கிலியை விற்று, பணத்தைத் தாத்தாவின் தம்பியிடம் கொடுத்தாள். சின்னத் தாத்தா சென்னையில் பாரிமுனைப் பக்கம் ஓர் இரும்புக் கடையில் கணக்கு எழுதிக்கொண்டிருந்தார். மாதம் ஒருமுறை மருந்துக் குப்பிகளை வைக்கோலில் பொதிந்து, ரயிலில் மடியில் வைத்துக் கொண்டுவருவார். உள்ளூர்க் கம்பவுண்டர் தினமும் வந்து ஊசி போடுவார்.

முதல் இரண்டு மாதங்களில் தாத்தா எழுந்து உட்கார்ந்தார். காய்ச்சல் விட்டது. பசிக்கிறது என்று கேட்டு வாங்கிச் சாப்பிட்டார். பாட்டி வைத்தீஸ்வரன் கோயிலுக்கு நேர்ந்துகொண்டதைச் செலுத்திவிட்டு வந்தாள். நான்காவது மாதம் காய்ச்சல் திரும்பியது. அதே ஊசி, அதே கம்பவுண்டர், அதே அளவு. இந்த முறை எதுவும் கேட்கவில்லை. ஐப்பசியில் தாத்தா போய்விட்டார். அவருக்கு வயது 38.

‘முதலில் நல்ல மருந்தாக வாங்கிவந்தான். பிறகு குப்பியில் தண்ணீரை அடைத்துக் கொடுத்துவிட்டுப் பணத்தை எடுத்துக்கொண்டான்’ என்று யாரோ சொன்னார்கள். யார் முதலில் சொன்னது என்று இப்போது யாருக்கும் தெரியாது. பாட்டி அதை நம்பினாள், அம்மாவும் நம்பினாள். நானும் நம்பித்தான் வளர்ந்தேன். சின்னத் தாத்தாவின் வீட்டுக் கல்யாணம் எதற்கும் நாங்கள் போனதில்லை.

2022இல் எனக்கே காசநோய் வந்தது. ஆறு மாதம் மாத்திரை சாப்பிட்ட நாட்களில், இந்த நோயின் வரலாற்றைக் கையில் கிடைத்த இடத்திலிருந்தெல்லாம் படித்தேன். அப்போதுதான் அந்தத் திருட்டு நடக்கவே இல்லை என்று எனக்குப் புரிந்தது. என் நோயைப் பற்றியும் படித்தவற்றைப் பற்றியும் சேர்த்தே எழுதுகிறேன். ஒன்றில்லாமல் மற்றொன்றை நான் விளங்கிக்கொண்டிருக்க முடியாது.

நான் ஓர் அச்சகத்தில் மெய்ப்புத் திருத்துபவள். வீடு குரோம்பேட்டையில். 2021 நவம்பரில் இருமல் தொடங்கியபோது எல்லோருக்கும் வந்த முதல் பயம் கொரோனா. பரிசோதனையில் ‘இல்லை’ என்று வந்தவுடன் வீடே நிம்மதிப் பெருமூச்சு விட்டது. அந்த நிம்மதிதான் எங்கள் கண்ணைக் கட்டிவிட்டது. அருகிலிருந்த ஒரு தனியார் மருத்துவமனையில் இருமல் மருந்தும் ஐந்து நாள் ஆன்டிபயாடிக்கும் கொடுத்தார்கள். அது கேட்கவில்லை என்றதும் வேறொன்று கொடுத்தார்கள். இரண்டாவதாகக் கொடுத்தது லெவோஃப்ளாக்சசின். அதைச் சாப்பிட்ட வாரம் இருமல் நன்றாகக் குறைந்தது. நிறுத்திய பத்தாம் நாள் திரும்பி வந்தது.

இதை அழுத்தி எழுதுவதற்குக் காரணம் இருக்கிறது. லெவோஃப்ளாக்சசின் சார்ந்த மருந்து வகைக்குக் காசநோய்க் கிருமியையும் ஓரளவு அடக்கும் ஆற்றல் உண்டு. சாதாரண இருமல் என்று நினைத்து அதைக் கொடுத்தால், நோய் சில நாட்கள் பதுங்கிக்கொள்ளும். நோயாளிக்குக் குணமானதுபோல் தோன்றும். கண்டுபிடிப்பது தள்ளிப்போகும். எனக்கு மூன்று மாதம் தள்ளிப்போனது. 51 கிலோ இருந்த நான் 43 கிலோவுக்கு வந்திருந்தேன். ரவிக்கைகளை இரண்டு முறை பிடித்துத் தைத்துக்கொண்டேன். விடியற்காலையில் தலையணை வியர்வையில் நனைந்திருக்கும். இத்தனையும் நடந்தபோதும் ‘சளிப் பரிசோதனை செய்து பார்க்கலாமா’ என்று யாரும் கேட்கவில்லை, நானும் கேட்கவில்லை.

கேட்டவர் அச்சகத்தில் அட்டை ஒட்டும் பெரியவர். அவருடைய மனைவிக்கு இந்த நோய் வந்து குணமாகியிருந்தது. இரண்டு வாரத்துக்கு மேல் இருமல் இருந்தால் சளியைக் கொடுத்துப் பார்க்க வேண்டும் அம்மா, காசு கிடையாது, ஆரம்ப சுகாதார நிலையத்திலேயே செய்வார்கள் என்றார். சளி கொடுப்பதிலும் ஒரு முறை இருக்கிறது. எச்சிலைக் கொடுத்தால் முடிவு தவறிப்போகும். காலையில் எழுந்தவுடன் வாயைக் கொப்புளித்துவிட்டு, திறந்த வெளியில் நின்று, மூச்சை நன்றாக இழுத்து, அடி நெஞ்சிலிருந்து இருமி எடுக்க வேண்டும். முதல் முறை நான் கொடுத்தது வெறும் எச்சில். அங்கிருந்த பெண் குப்பியை வெளிச்சத்தில் தூக்கிப் பார்த்துவிட்டுத் திருப்பிக் கொடுத்தார். அந்தக் கண்டிப்புக்கு நான் இன்றும் நன்றியோடு இருக்கிறேன்.

மரபணுப் பரிசோதனையில் கிருமி இருப்பது உறுதியானது. ரிஃபாம்பிசின் என்ற முக்கிய மருந்துக்கு அந்தக் கிருமி கட்டுப்படும் என்றும் அதே அறிக்கை சொன்னது. 43 கிலோ எடைக்குத் தினமும் மூன்று மாத்திரைகள். முதல் இரண்டு மாதம் ஒவ்வொரு மாத்திரைக்குள்ளும் நான்கு மருந்துகள்: ஐசோனியாசிட், ரிஃபாம்பிசின், பைராசினமைட், எதாம்புட்டால். அடுத்த நான்கு மாதம் பைராசினமைட் நீங்கலாக மற்ற மூன்றும்.

மாத்திரை கொடுத்த சுகாதாரப் பணியாளரிடம், ‘ஒரு நோய்க்கு எதற்கு நான்கு மருந்து?’ என்று கேட்டேன். அவர் என்னைவிட இளையவர். ‘ஒன்றை மட்டும் கொடுத்தால் கிருமி அதற்குப் பழகிவிடும் அக்கா. முதலில் கேட்கும், பிறகு கேட்காது’ என்றார்.

முதலில் கேட்கும், பிறகு கேட்காது. வீட்டுக்கு வரும் வழியெல்லாம் அந்தச் சொற்கள் காதில் நின்றன. மாயவரத்தில் நடந்ததும் அதுதானே?

அன்று தொடங்கியதுதான் என் வாசிப்பு. தாத்தாவுக்குப் போட்ட ஊசியின் பெயர் ஸ்ட்ரெப்டோமைசின் என்பது அம்மாவுக்குத் தெரிந்திருந்தது. பாட்டி அதை ‘ஸ்டெப்டோ’ என்பாள். 1943 அக்டோபரில் அமெரிக்காவின் ரட்கர்ஸ் பல்கலைக்கழகத்தில், ஆல்பர்ட் ஷாட்ஸ் என்ற 23 வயது ஆராய்ச்சி மாணவர் மண்ணில் வாழும் ஒரு நுண்ணுயிரிலிருந்து அதைப் பிரித்தெடுத்தார். புகழ் முழுவதும் அவருடைய பேராசிரியர் செல்மன் வாக்ஸ்மனுக்குப் போனது. ஷாட்ஸ் வழக்குத் தொடர்ந்தார். இணைக் கண்டுபிடிப்பாளர் என்ற ஒப்புதல் சமரசத்தில் கிடைத்தது. ஆனாலும் 1952இல் நோபல் பரிசு வாக்ஸ்மனுக்கு மட்டுமே கிடைத்தது. அதற்கு முன்பு 1882 மார்ச் 24இல் ராபர்ட் கோக் பெர்லினில் கிருமியைக் காட்டியதிலிருந்து அறுபது ஆண்டுகளுக்கும் மேலாக, நோய்க்குக் காரணம் தெரிந்தும் மருந்து இல்லாத காலம் ஒன்று இருந்தது. நல்ல காற்று, ஓய்வு, பால், முட்டை, மலைவாச சானடோரியம் என்ற காசநோய் ஓய்வு மருத்துவமனை இவைதாம் சிகிச்சை.

எனக்கு விஷயத்தைத் திறந்து காட்டியது 1948 அக்டோபரில் பிரிட்டிஷ் மருத்துவ ஆராய்ச்சிக் குழு வெளியிட்ட அறிக்கை. போருக்குப் பிந்தைய பிரிட்டனிடம் டாலர் இல்லை. எல்லோருக்கும் போடும் அளவுக்கு ஸ்ட்ரெப்டோமைசின் வாங்க முடியவில்லை. ஆகவே கிடைத்த மருந்தைக் கொண்டு ஒழுங்கான ஓர் ஒப்பீடு செய்துவிடலாம் என்று முடிவெடுத்தார்கள். புள்ளியியல் அறிஞர் ஆஸ்டின் பிராட்ஃபோர்ட் ஹில், யாருக்கு ஊசி, யாருக்குப் படுக்கை ஓய்வு மட்டும் என்பதைச் சீரற்ற எண்களைக் கொண்டு தீர்மானித்து, உறைகளில் ஒட்டி வைத்தார். மொத்தம் 107 நோயாளிகள். ஊசி போட்டுக்கொண்டவர்கள் 55 பேர், ஓய்வு மட்டும் எடுத்தவர்கள் 52 பேர். ஆறு மாத முடிவில் ஊசிப் பிரிவில் இறந்தவர்கள் 4, மற்றப் பிரிவில் 14.

இந்த எண்களோடு நிறுத்தியிருந்தால் எனக்கு எதுவும் புரிந்திருக்காது. அறிக்கையின் அடுத்த பகுதியில் தாத்தா படுத்திருந்தார் என்றுதான் சொல்ல வேண்டும். ஊசி போட்டுக்கொண்டவர்களின் முன்னேற்றம் பெரும்பாலும் முதல் இரண்டு மூன்று மாதங்களில் நிகழ்ந்தது. அதன் பிறகு பலர் மீண்டும் சரிந்தார்கள். அவர்களுடைய கிருமிகளை எடுத்துச் சோதித்தபோது, ஸ்ட்ரெப்டோமைசினுக்கு அவை கட்டுப்படவில்லை. பிந்தைய ஆண்டுகளில் தொடர்ந்து பார்த்தபோது இரு பிரிவுகளுக்கும் இடையிலான வேறுபாடு மிகவும் சுருங்கிப்போயிருந்தது.

காரணம் எளியதுதான். நுரையீரல் புண்ணின் குழிக்குள் கிருமிகள் கோடிக்கணக்கில் இருக்கின்றன. அவற்றில் பத்து லட்சத்தில் ஒன்று என்ற அளவில், இந்த மருந்துக்கு இயல்பாகவே சாகாத கிருமி ஒன்று இருந்துவிடும். ஊசி மற்ற எல்லாவற்றையும் கொல்லும். காய்ச்சல் நிற்கும், பசி எடுக்கும், கோயிலுக்குப் போய் வரலாம். சாகாதவை மட்டும் மிஞ்சிப் பெருகும். பிறகு எத்தனை ஊசி போட்டாலும் பயனில்லை. இரண்டு மூன்று மருந்துகளைச் சேர்த்துக் கொடுத்தால், எல்லாவற்றுக்கும் ஒருசேரத் தப்பக்கூடிய கிருமி இருப்பது மிக மிக அரிது. பாஸ் என்று சுருக்கமாக அழைக்கப்பட்ட மருந்தை ஸ்ட்ரெப்டோமைசினோடு சேர்த்துக் கொடுத்தால் இந்தத் தப்பித்தல் வெகுவாகக் குறைகிறது என்ற ஆய்வின் முழு அறிக்கை வந்தது 1950இல். தாத்தா இறந்த அதே ஆண்டு.

இன்னொன்றைப் படித்தபோது புத்தகத்தை மூடி வைத்துவிட்டேன். நான் தினமும் விழுங்கிய ஐசோனியாசிட்டை பிராக் நகரில் ஹான்ஸ் மேயர், யோசப் மாலி என்ற இரண்டு வேதியியலாளர்கள் 1912இலேயே தயாரித்துவிட்டார்கள். அது காசநோய்க் கிருமியைக் கொல்லும் என்று யாரும் சோதித்துப் பார்க்கவில்லை. நாற்பது ஆண்டுகள் கழித்து, 1952இல்தான் உலகம் அதை அறிந்தது. தாத்தா பிறந்தது 1912. அவருடைய வாழ்நாள் முழுவதும் அவருக்கான மருந்து உலகத்தில் இருந்துகொண்டுதான் இருந்தது. புதுமைப்பித்தன் இதே நோயால் 1948 ஜூன் 30இல் இறந்தார். அவருக்கு 42 வயது. லண்டனில் அந்த ஸ்ட்ரெப்டோமைசின் அறிக்கை வெளியாக நான்கு மாதங்கள் இருந்தன. இப்படி ஆண்டுகளைப் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்க்கும் பழக்கம் அப்போது வந்ததுதான். மருத்துவ வரலாறு படிப்பவர்களுக்கு நான் சொல்வதும் அதுவே. கண்டுபிடித்த ஆண்டை மட்டும் குறித்துக்கொள்ளாதீர்கள். நமக்குத் தெரிந்த ஒருவரின் பிறந்த ஆண்டையும் இறந்த ஆண்டையும் அதன் அருகில் எழுதிப் பாருங்கள்.

இது வரை என்னிடம் இருந்தது ஊகம் மட்டும். உண்மையான மருந்தாக இருந்திருந்தாலும் தாத்தா இப்படியே இறந்திருக்கக்கூடும் என்றுதான் சொல்ல முடியும். குப்பியில் தண்ணீர் இல்லை என்பதற்கு அது சான்றாகாது. சான்று அம்மாவிடம் இருந்தது. எழுபது வருடமாக அது சான்று என்று தெரியாமல் வைத்திருந்தாள்.

வீட்டுப் பெரியவர்களிடம் பழைய நோய்களைப் பற்றிக் கேட்பதற்கு ஒரு பக்குவம் வேண்டும் என்று நான் கற்றுக்கொண்டது அப்போதுதான். ‘தாத்தாவுக்கு என்ன நோய், என்ன மருந்து’ என்று கேட்டால், பலமுறை சொல்லிப் பழகிய கதையே திரும்ப வரும். நோயின் பெயரைக் கேட்காமல் உடம்பைப் பற்றிக் கேட்க வேண்டும். என்ன சாப்பிட்டார், எந்தப் பக்கம் திரும்பிப் படுத்தார், எதைப் பற்றிக் குறைப்பட்டுக்கொண்டார், நடக்கும்போது எப்படி நடந்தார். காலத்தைத் தேதியாகக் கேட்காமல் பொங்கலுக்கு முன்பா, ஆடிக்குப் பின்பா என்று கேட்க வேண்டும். அவர்கள் சொல்வதை இடையில் திருத்தக் கூடாது.

கடைசி மாதங்களில் எப்படி நடப்பார் என்று கேட்டேன். அம்மா கொஞ்சம் யோசித்தாள். ‘சுவரைப் பிடித்துக்கொண்டுதான் நடப்பாராம். கப்பலில் போவதுபோல் தரை ஆடுகிறது என்பாராம். காதுக்குள் வண்டு இரைகிறது, வண்டு இரைகிறது என்று இரவெல்லாம் புலம்பினார் என்று அம்மா சொல்வாள். பலவீனத்தால் என்று நினைத்தோம்’ என்றாள்.

நான் ஒரு நிமிடம் பேசவில்லை. ஸ்ட்ரெப்டோமைசினின் நன்கு அறியப்பட்ட பக்கவிளைவு, உட்காதில் உடலின் சமநிலையைக் காக்கும் உறுப்பைத் தாக்குவது. தலைசுற்றல், நடையில் தள்ளாட்டம், காதில் இரைச்சல். 1948 அறிக்கையிலேயே ஊசி போட்டுக்கொண்டவர்களில் பாதிக்கும் மேற்பட்டோருக்குத் தலைசுற்றல் வந்ததாக எழுதியிருக்கிறார்கள். தண்ணீர் ஊசி போட்டால் காதில் வண்டு இரையாது. காய்ச்சல் திரும்பிய பிறகும் சின்னத் தாத்தா கொண்டுவந்தது உண்மையான மருந்தாகத்தான் இருந்திருக்க வேண்டும்.

இதை அம்மாவிடம் உடனே சொல்லவில்லை. சொல்லும் துணிவு எனக்கு வரச் சில மாதங்கள் ஆயின.

அந்த மாதங்களில் என் சொந்த வேலை மாத்திரை சாப்பிடுவது. காலை ஆறு மணிக்கு வெறும் வயிற்றில் மூன்றையும் விழுங்கிவிடுவேன். முதல் நாளே சிறுநீர் ஆரஞ்சு நிறத்தில் போகும் என்று முன்பே சொல்லிவிட்டார்கள், அதனால் பதறவில்லை. அது ரிஃபாம்பிசினின் நிறம், அதனால் தீங்கில்லை. சொல்லாமல் விட்டிருந்தால் இரத்தம் என்று நினைத்து நிறுத்தியிருப்பேன். ஆகவே உங்கள் வீட்டில் யாராவது இந்தச் சிகிச்சையைத் தொடங்கினால் முதலில் இதைச் சொல்லுங்கள். மூன்றாம் வாரம் மூட்டுகளில் வலி வந்தது. அது பைராசினமைட்டால். விரல் நுனி மரத்துப்போகாமல் இருக்க, ஐசோனியாசிட்டோடு பைரிடாக்சின் என்ற வைட்டமின் மாத்திரையும் கொடுத்தார்கள்.

எதாம்புட்டால் சிலருக்குக் கண் நரம்பைத் தாக்கும். முதலில் மங்கிப்போவது சிவப்பு, பச்சை நிறங்களைப் பிரித்தறியும் திறன். மெய்ப்புத் திருத்துபவளுக்கு இதைவிடப் பயமான செய்தி இருக்க முடியாது. தினமும் காலையில் மாத்திரைக்கு முன்பு, முதலில் ஒரு கண்ணை மூடி, பிறகு மறு கண்ணை மூடி, வெள்ளைத் தாளில் சிவப்புப் பேனாவாலும் பச்சைப் பேனாவாலும் ஒரு கோடு போட்டுப் பார்ப்பேன். சிவப்பு மங்கலாகத் தெரிந்தால் அடுத்த வேளை மாத்திரைக்கு முன் டாக்டரிடம் ஓட வேண்டும் என்பது உத்தரவு. ஆறு மாதமும் சிவப்பு சிவப்பாகவே இருந்தது. அந்தத் தாள்களை நான் தூக்கி எறியவில்லை.

கோடு போட்ட தாளே பிறகு நோட்டுப் புத்தகமானது. தேதி, எடை, மாத்திரை சாப்பிட்ட நேரம், வாந்தி உண்டா, சாப்பாடு எவ்வளவு இறங்கியது, சிறுநீர், கண். ஒரு வரிக்கு மேல் எழுதுவதில்லை. ஏழாவது வாரம் குமட்டலும் சோர்வும் கூடியபோது இந்த நோட்டுதான் உதவியது. எந்த நாளிலிருந்து சாப்பாடு குறைந்தது என்று டாக்டரிடம் துல்லியமாகச் சொல்ல முடிந்தது. அன்றே கல்லீரல் பரிசோதனை எழுதினார், கல்லீரல் நொதிகளின் அளவு சற்றுத்தான் கூடியிருந்தது. மருந்தை நிறுத்தாமலேயே கடந்துவிட்டோம். கண்ணோ சிறுநீரோ மஞ்சளாகத் தெரிந்தாலும், வாந்தி நிற்காவிட்டாலும், அடுத்த முறை வரும்போது சொல்லலாம் என்று காத்திருக்கக் கூடாது, அன்றே போக வேண்டும். நோயாளியின் மனம் நேற்றையதை இன்று மறந்துவிடும். தாள் மறக்காது.

இரண்டாம் மாத இறுதிதான் உண்மையில் ஆபத்தான கட்டம். இருமல் நின்றுவிட்டது, எடை ஏறியது, அச்சகத்துக்குத் திரும்பிவிட்டேன். இன்னும் நான்கு மாதம் எதற்கு என்று மனம் கேட்டது. அந்த வாரம் எனக்குத் தாத்தாவின் முகம்தான் நினைவில் நின்றது. பசிக்கிறது என்று கேட்டுச் சாப்பிட்ட, பாட்டியைக் கோயிலுக்கு அனுப்பிய அந்த இரண்டு மாதத் தாத்தா. அவருக்குக் கிடைக்காத மருந்துகள் என் உள்ளங்கையில் இருக்கின்றன என்று எண்ணிக்கொண்டு விழுங்கினேன். ஒருநாள்கூட விடவில்லை.

அம்மா சிறுமியாக இருந்தபோது அப்பாவைத் தொடவே இல்லை. நோய் தெரிந்த அன்றே அவளைக் கும்பகோணத்தில் அத்தை வீட்டுக்கு அனுப்பிவிட்டார்கள். தாத்தா இறந்த பிறகுதான் அழைத்துவந்தார்கள். எனக்கு நோய் என்றவுடன் என் மாமியாரும் அதையேதான் சொன்னார், ஒன்பது வயது மகளைத் திருச்சிக்கு அனுப்பிவிடலாம் என்று. மாமியாரை நான் அத்தை என்றுதான் அழைப்பேன். அத்தைக்குக் கெட்ட எண்ணம் எதுவும் இல்லை. அந்தத் தலைமுறை கண்டது அதுதான்.

அத்தைக்கு நான் சேத்துப்பட்டுக் கதையைச் சொன்னேன். நாங்கள் இருப்பது குரோம்பேட்டை. அடுத்த ரயில் நிலையத்தின் பெயரே தாம்பரம் சானடோரியம். சௌரி முத்து என்ற தமிழ் மருத்துவர் 1928இல் நிறுவிய காசநோய்ச் சானடோரியத்தால் வந்த பெயர் அது. இங்கிலாந்தில் மெண்டிப் மலையில் அவர் நடத்திய சானடோரியத்தில்தான் 1917இல் கணிதமேதை ராமானுஜன் சிகிச்சை பெற்றார். ராமானுஜனுக்கு வந்தது காசநோயே இல்லை, ஈரலைத் தாக்கும் அமீபா நோய் என்று பிற்காலத்தில் வாதிட்டவர்கள் உண்டு. ஊர் திரும்பி 1920இல் அவர் இறந்தது சேத்துப்பட்டில். அதே சேத்துப்பட்டில் 1956இல் காசநோய் வேதிச்சிகிச்சை மையம் தொடங்கப்பட்டது. இந்திய மருத்துவ ஆராய்ச்சிக் கழகம், சென்னை மாநில அரசு, உலக சுகாதார நிறுவனம், பிரிட்டிஷ் மருத்துவ ஆராய்ச்சிக் குழு ஆகிய நான்கும் சேர்ந்து நடத்தின. வாலஸ் ஃபாக்ஸ் என்ற பிரிட்டிஷ் மருத்துவர் அதற்குத் தலைமை தாங்கினார்.

அவர்கள் கேட்ட கேள்வி நாட்டின் உயிர்நாடியைத் தொட்டது. சானடோரியப் படுக்கைகள் மிகக் குறைவு, நோயாளிகள் லட்சக்கணக்கில். ஏழை நோயாளிக்கு வீட்டிலேயே மருந்து கொடுத்தால் குணமாகுமா? சென்னையின் ஏழைக் குடும்பங்களைச் சேர்ந்த 193 நோயாளிகளை இரண்டாகப் பிரித்தார்கள். ஒரு பிரிவு சானடோரியத்தில், நல்ல உணவோடும் ஓய்வோடும். மறு பிரிவு நெரிசலான தங்கள் வீட்டில். இருவருக்கும் ஒரே மருந்துகள், ஓராண்டு. வீட்டில் இருப்பவர்கள் மாத்திரை சாப்பிடுகிறார்களா என்று பார்க்கச் சொல்லாமல் போய் மாத்திரைகளை எண்ணினார்கள், சிறுநீரைச் சோதித்தார்கள். 1959இல் முடிவு வெளியானது. சானடோரியத்தில் 92 சதவீதத்தினருக்கு நோய் அடங்கியிருந்தது. வீட்டில் 86 சதவீதம். கோட்டைபோல் நின்ற சானடோரியங்களின் காலம் அந்த ஓர் அறிக்கையோடு முடியத் தொடங்கியது.

அத்தைக்கு நான் சொல்ல விரும்பியது அதற்கு அடுத்த செய்தி. இரு பிரிவினரின் வீட்டாரையும் ஐந்தாண்டுகள் தொடர்ந்து பார்த்தார்கள். நோயாளி வீட்டிலேயே இருந்து சிகிச்சை பெற்றதால் வீட்டாருக்குக் கூடுதல் ஆபத்து எதுவும் வரவில்லை. தொற்றுவது பெரும்பாலும் நோய் தெரியாமல் இருமிக்கொண்டிருந்த மாதங்களில்தான். மருந்து தொடங்கியபின் தொற்றும் ஆற்றல் விரைவில் குறைகிறது. ஆகவே மகளை ஊருக்கு அனுப்புவதைவிட அவளைப் பரிசோதிப்பதே முக்கியம். வீட்டில் எல்லோரையும் அழைத்துப் போனோம். யாருக்கும் நோய் இல்லை என்று உறுதியான பிறகு மகளுக்கு ஆறு மாதம் தடுப்பு மாத்திரை கொடுத்தார்கள். தட்டு, டம்ளர், துணி வழியாக இந்த நோய் பரவாது, காற்றில்தான் பரவும். எனவே தட்டைத் தனியாக வைப்பதற்குப் பதிலாக ஜன்னல்களைத் திறந்து வைத்தோம். முதல் வாரங்களில் முகக்கவசம் போட்டுக்கொண்டு காற்றோட்டமான முன்னறையில் படுத்தேன். மகள் பக்கத்து அறையிலிருந்து கதை கேட்பாள். அத்தை ஒரு மாதம் கழித்து, யாரும் சொல்லாமலேயே, என் தட்டை மற்றத் தட்டுகளோடு சேர்த்துக் கழுவி வைத்தார்.

சேத்துப்பட்டு ஆய்விலிருந்து எடுத்த ஒரு முடிவில் மட்டும் எனக்கு மனம் ஒப்பவில்லை. வீட்டில் இருந்தவர்கள் சரியாகச் சாப்பிடாமலேயே குணமானார்கள் என்பதால், உணவு அவ்வளவு முக்கியமில்லை என்ற எண்ணம் உலகெங்கும் நிலைத்துவிட்டது. மருந்து வேலை செய்வதற்கு நல்ல உணவு நிபந்தனை அல்ல என்பது உண்மை, அதனால் லட்சக்கணக்கானோர் சிகிச்சை பெற்றார்கள் என்பதும் உண்மை. ஆனால் பட்டினி உடம்பில் நோய் எளிதாக இறங்குகிறது, மரணமும் எளிதாக வருகிறது. ஜார்க்கண்டில் நடந்து 2023இல் வெளியான ஆய்வில், நோயாளிகளின் குடும்பத்தாருக்கு உணவுப் பொருட்கள் கொடுத்தபோது அவர்களில் புதிதாக நோய் வருவது ஏறக்குறைய 40 சதவீதம் குறைந்தது. முதல் இரண்டு மாதத்தில் 5 சதவீதம் எடை கூடிய நோயாளிகளுக்கு இறக்கும் ஆபத்து 61 சதவீதம் குறைவாக இருந்தது. நான் சிகிச்சையில் இருந்தபோது அரசு மாதம் 500 ரூபாய் வங்கிக் கணக்கில் போட்டது. 2024 நவம்பரிலிருந்து அது 1000 ரூபாய். கேட்கக் கூச்சப்பட வேண்டாம். பதிவு செய்யும்போதே வங்கிக் கணக்கு விவரத்தைக் கொடுத்துவிடுங்கள். எனக்கு அது தினமும் இரண்டு முட்டையும் ஒரு கைப்பிடி வேர்க்கடலையும். ஆகஸ்டில் சிகிச்சை முடிந்தபோது 49 கிலோ இருந்தேன்.

சிகிச்சை முடிந்த வாரம் அம்மாவிடம் போனேன். 1948 அறிக்கையில் சொன்னதைத் தமிழில் ஒரு தாளில் எழுதி எடுத்துப் போயிருந்தேன். அம்மா கண்ணாடியைப் போட்டுக்கொண்டு இரண்டு முறை படித்தாள். ‘காதில் இரைச்சல்’ என்று நான் எழுதியிருந்த இடத்தில் விரலை வைத்துக்கொண்டு வெகுநேரம் உட்கார்ந்திருந்தாள். பிறகு சின்னத் தாத்தாவின் மகளுடைய எண் உனக்குக் கிடைக்குமா என்று கேட்டாள்.

கிடைத்தது. சித்தி தஞ்சாவூரில் இருக்கிறார். சின்னத் தாத்தா 1988இலேயே காலமாகிவிட்டார். அம்மா முதலில் யார் பேசுவது என்று சொல்லவே தடுமாறினாள். பிறகு குப்பி, ஊசி, வண்டு எல்லாவற்றையும் முன்னும் பின்னுமாகச் சொல்லி முடித்தாள். மறுமுனையில் சித்தி அமைதியாகக் கேட்டுக்கொண்டிருந்தார். இப்படி ஒரு பழி இருந்தது தனக்குத் தெரியவே தெரியாது என்றார். பெரியப்பா குடும்பம் ஏன் வருவதில்லை என்று கேட்டால் அப்பா பதில் சொல்லமாட்டார், அவ்வளவுதான் தெரியும். ஆனால் பெரியப்பாவுக்கு ஆண்பிள்ளை இல்லை என்று, ஒவ்வொரு வருடமும் தவறாமல் காவிரிக்குப் போய்த் திதி கொடுத்துவிட்டு வருவார் என்றார்.

‘என்றைக்கு?’ என்று அம்மா கேட்டாள்.

‘ஐப்பசி, தேய்பிறைச் சதுர்த்தி.’

அம்மா தலையை மட்டும் அசைத்தாள். அதே நாளில்தான் பாட்டி மாயவரத்தில் தாத்தாவின் படத்துக்கு முன்னால் இலை போட்டுப் படைப்பாள்.